உலாவிக்குள் ஒரு வீடு

நுழையும்முன்

வீடு என்னும் சொல்லை அறியாத தமிழ்க் குழந்தை இல்லை. ஆனால் அவ்வீட்டின் உறுப்புகளான நிலை, உத்தரம், தாழ்வாரம், திண்ணை ஆகியவற்றை ஒன்றுவிடாமல் தமிழில் சொல்லுமாறு கேட்டால் வெளிமாநிலத்தில் வளரும் பிள்ளைகள் சற்றுத் தயங்குகின்றனர். சுவர் 'வால்' ஆகிவிட்டது; கூரை 'ரூஃப்' ஆகிவிட்டது. கணினியில் நீங்கள் விரும்பி ஆடும் ஒரு விளையாட்டின் வழியாக அச்சொற்களைத் தேடிச் செல்வோம்.

உரைநடை

மைன்கிராஃப்ட் என்னும் விளையாட்டை உங்களுக்கு அறிமுகப்படுத்த வேண்டிய தேவை எனக்கு இல்லை. இடைவேளையில் நீங்கள் பேசிக்கொள்வதைக் கேட்டுத்தான் நானே அதனை அறிந்தேன். எனினும் அதன் பிறப்பு வரலாறு உங்களுள் பலருக்குத் தெரிந்திராது. சுவீடன் நாட்டைச் சேர்ந்த மார்க்கஸ் பெர்சன் என்னும் நிரலாளர் 2009ஆம் ஆண்டு மே மாதத்தில் அதனை எழுதத் தொடங்கினார். அதே மாதம் 17ஆம் நாள் பிறர் ஆடிப் பார்ப்பதற்காக வெளியிட்டும் விட்டார். முதலில் அவர் இட்ட பெயருக்குக் 'குகை விளையாட்டு' என்பது பொருள். அமெரிக்கரான சக்கரி பார்த் சில வாரங்களுக்கு முன் வெளியிட்ட இன்ஃபினிமைனர் என்னும் விளையாட்டே தமக்குத் தூண்டுகோல் என்பதைப் பெர்சன் மறைக்கவில்லை. முழு வடிவம் 2011 நவம்பர் 18 அன்று வெளிவந்தது. பெர்சன் நிறுவிய மொஜாங் நிறுவனத்தை 2014இல் மைக்ரோசாஃப்ட் 250 கோடி டாலர் விலைக்கு வாங்கியது.

அந்த முதல் வடிவத்தை உலாவியிலேயே ஆட முடிந்தது. அதற்கு உலாவியில் ஜாவா என்னும் துணைநிரல் இருந்தாக வேண்டும். பின்னர்ப் பாதுகாப்பு முதலிய காரணங்களால் உலாவிகள் இத்தகைய துணைநிரல்களைக் கைவிட்டன; பழைய விளையாட்டும் உலாவியில் இயங்காமற்போயிற்று. பத்தாம் ஆண்டு நிறைவை ஒட்டி, 2019 மே மாதத்தில், மொஜாங் நிறுவனம் அதனை ஜாவாஸ்கிரிப்ட் மொழியில் புதிதாக எழுதி 'மைன்கிராஃப்ட் கிளாசிக்' என்னும் பெயரில் கட்டணமின்றி வெளியிட்டது. இன்றைய உலாவிகள் கணினியின் வரைகலைச் சில்லை நேரடியாகப் பயன்படுத்தி முப்பரிமாணக் காட்சிகளை வரைய வல்லவை. ஆகையால் எதனையும் நிறுவாமல், பள்ளிக் கணினியிலும்கூட, அதனை ஆடலாம். அதில் உள்ளவை முப்பத்திரண்டு வகைக் கட்டைகள் மட்டுமே. பழைய வடிவத்தில் இருந்த பிழைகளையும் திருத்தாமல் அப்படியே விட்டுவைத்திருப்பதாக நிறுவனத்தாரே வேடிக்கையாக அறிவித்தனர்.

ஒன்றை இங்கேயே சொல்லிவிடுகிறேன். இவ்விளையாட்டின் பெயரைப் போட்டுக்கொண்டு விளம்பரங்களை அள்ளித் தெளிக்கும் போலித் தளங்கள் பல உள்ளன. பெயர், தொலைபேசி எண், கடவுச்சொல் கேட்கும் தளம் எதுவாயினும் உடனே மூடிவிடுங்கள்.

இத்தகைய விளையாட்டுகளை ஆங்கிலத்தில் 'சாண்ட்பாக்ஸ்' என்னும் சொல்லால் குறிப்பர். மணல் நிரப்பிய பெட்டிக்குள் குழந்தை தன் விருப்பம்போல் கட்டுவதும் கலைப்பதும் அதன் பொருள். வெற்றி தோல்வி இல்லை, முடிவும் இல்லை. தமிழர்க்கு இது புதிதன்று. சிறுமியர் மணலில் வீடு கட்டி விளையாடுவதைச் 'சிற்றில் இழைத்தல்' என்று நம் முன்னோர் அழைத்தனர். சிறுமை, இல் என்னும் இரு சொற்களும் சேர்ந்தே சிற்றில் ஆயிற்று. ஆண்பாற் பிள்ளைத்தமிழ் நூல்களில் சிற்றில் பருவம் என்றே ஒரு பருவம் உண்டு. தாங்கள் பாடுபட்டுக் கட்டிய மணல்வீட்டைக் காலால் உதைத்து அழிக்க வேண்டா என்று சிறுமியர் பாட்டுடைத் தலைவனாகிய சிறுவனிடம் வேண்டுவதாக அப்பருவப் பாடல்கள் அமையும்.

உலாவி விளையாட்டில் உங்கள் உலகத்தின் இணைப்பை அனுப்பினால் ஒன்பது நண்பர்கள் வரை உள்ளே வரலாம். வந்தவர் கட்டவும் செய்யலாம், இடிக்கவும் செய்யலாம். நீங்கள் இரண்டு மணி நேரம் கட்டிய மாடத்தை ஒருவன் வந்து நொடியில் தகர்த்துவிட்டான் என்று சென்ற பருவத்தில் இவ்வகுப்பில் பெரிய பூசல் ஒன்று நிகழ்ந்தது நினைவிருக்கிறதா? பல நூற்றாண்டுகளாகப் பிள்ளைத்தமிழ் பாடிவரும் வழக்கு அதுதான்!

இனி வீட்டுக்கு வருவோம். அடுகோடியில் குடியிருக்கும் மாணவி ஒருத்தி, தான் அவ்விளையாட்டில் கட்டிய வீட்டைப் பற்றித் தமிழில் பத்து வரி எழுதிவந்தாள். எழுத்துப் பிழை இல்லை. ஆனால் வீட்டைக் குறித்த சொற்களில் ஏறத்தாழ எல்லாமே ஆங்கிலம். அவளுடைய தந்தை திருவண்ணாமலை மாவட்டம் செங்கத்தை அடுத்த சிற்றூரிலிருந்து வந்த கொத்தனார், தாய் சித்தாள். அந்த ஏட்டை நான் திருத்தவில்லை. அப்பாவிடம் வீட்டைக் காட்டி, அவர் சொல்வதை அவர் சொன்னபடியே எழுதிவருமாறு கூறினேன். அவள் எழுதிவந்தது இது:

"யாரு கட்டின வீடு பாப்பா இது?"

"நான்தான்ப்பா கட்டினேன்."

"சுவத்துல சந்துக்கு மேலயே சந்து வருதே. இப்படிக் கட்டினா சீக்கிரமே பிளந்துடும்மா."

"இதுல பிளக்காதுப்பா. தூணை எடுத்துட்டாக்கூடக் கூரை அப்படியே நிக்கும். பாருங்க."

"அந்தரத்துலயா?"

"ஆமாம்ப்பா."

"அப்போ இந்த ஊர்ல கொத்தனாருக்கு வேலையே இல்லன்னு சொல்லு!"

சிரித்து முடித்தபின் அவர் வெகுநேரம் பேசினாராம். அன்று அவள் ஏட்டில் ஏறிய சொற்கள் பல. அவற்றுள் இரண்டு முதுகலைத் தமிழ் படித்த எனக்கும் புதியவை. அந்தப் பேச்சிலிருந்து நான் விளங்கிக்கொண்டவற்றைக் கீழே தருகிறேன்.

விளையாட்டில் கட்டை ஒன்றை மற்றொன்றின் தலைமேல் நேராக வைக்கிறோம். நான்கு மூலையும் பொருந்திவிடுகின்றன. உண்மைச் சுவரில் அப்படி வைப்பதில்லை. கீழ் வரிசையில் இரண்டு கற்கள் சேரும் சந்தின்மேல், மேல் வரிசைக் கல்லின் நடுப்பகுதி அமர வேண்டும். அப்போதுதான் மேலேயுள்ள கல் தன் பாரத்தைக் கீழேயுள்ள இரு கற்களுக்கும் பகிர்ந்து கொடுக்கும். சந்துக்கு நேரே சந்து வந்தால், சுவர் பக்கம்பக்கமாக நிற்கும் தனித்தனித் தூண்களைப் போல் ஆகிவிடும்; நிலம் சிறிது அமிழ்ந்தாலும் அந்த நேர்கோட்டில் விரிசல் ஓடும். இனிச் சாலையில் நடக்கும்போது பூசாத சுவரைக் கண்டால் நின்று பாருங்கள். சந்துகள் ஒரு வரிசை விட்டு ஒரு வரிசை இடம் மாறியிருக்கும்.

சுவர் செங்குத்தாக இருக்கிறதா என்று பார்க்கத் தூக்குக்குண்டு வேண்டும். நூலின் ஒரு முனையில் கனமான உலோகக் குண்டு. மறுமுனையில் குண்டின் குறுக்களவுக்குச் சமமான அளவுள்ள ஒரு கட்டை. கட்டையைச் சுவரின் மேற்பகுதியில் ஒட்டிப் பிடித்துக் குண்டைத் தொங்கவிடுவார்கள். குண்டு சுவரைத் தொட்டும் தொடாமலும் நின்றால் சுவர் நேர். சுவரில் சாய்ந்தால் சுவரின் அடிப்பகுதி வெளியே தள்ளியிருக்கிறது. விலகி நின்றால் அடிப்பகுதி உள்ளே வாங்கியிருக்கிறது. புவியின் ஈர்ப்பே இங்கு அளவுகோல். கிடைமட்டம் பார்க்க ரசமட்டம். அதன் கண்ணாடிக் குழாயிலுள்ள குமிழி நடுக்கோட்டில் நிற்க வேண்டும். ரசம் என்றால் பாதரசம். குழாய்க்குள் இருப்பதோ வேறொரு திரவம். பெயர் எப்படியோ நிலைத்துவிட்டது.

ஓர் அறையின் மட்டத்தை அடுத்த அறைக்குக் கொண்டுசெல்ல, நீர் நிரப்பிய நீண்ட கண்ணாடி நிறக் குழாயைப் பிடிக்கிறார்கள். குழாய் எப்படி வளைந்து நெளிந்து கிடந்தாலும் இரு முனைகளிலும் நீர் ஒரே உயரத்தில் நிற்கும். உங்கள் கிளாசிக் விளையாட்டின் நீரோ வேறு குணம் உடையது. கரையிலுள்ள ஒரு கட்டையை எடுத்துவிட்டால் நீர் குறையாமல் பெருகிக்கொண்டே போய்ப் பள்ளம் முழுவதையும் நிரப்பிவிடும். பஞ்சுக்கட்டையை வைத்தால்தான் அடங்கும். அதுபோல, தூணை எடுத்தாலும் கூரை நிற்கும் அவ்வுலகத்தில் மணலும் சரளையும் மட்டும் ஆதாரம் இழந்தால் கீழே விழும். பெர்சன் அந்த இரண்டுக்கு மட்டும் புவியீர்ப்பை வழங்கியிருக்கிறார்!

சுவரும் சுவரும் சேரும் மூலை செங்கோணமாக அமைய மூலைமட்டம் உண்டு. வீட்டின் அளவு பெரிதானால் அது போதாது. அப்போது ஒரு பக்கம் மூன்றடி, மறுபக்கம் நான்கடி அளந்து குறியிடுவார்கள். இரு குறிகளுக்கும் இடையே சரியாக ஐந்தடி இருந்தால் மூலை செங்கோணம். கணிதப் பாடத்தில் பிதாகரஸ் தேற்றம் என்று படிக்கிறீர்களே, அதனை உங்கள் தந்தையர் கயிற்றையும் நாடாவையும் கொண்டு நாள்தோறும் மெய்ப்பித்து வருகின்றனர்.

பாரத்தையும் கணக்கிட்டுப் பார்ப்போம். விளையாட்டில் ஒரு கட்டை என்பது ஒரு மீட்டர் நீளம், ஒரு மீட்டர் அகலம், ஒரு மீட்டர் உயரம். அது கருங்கல்லாக இருந்தால் அதன் எடை ஏறக்குறைய 2,700 கிலோ. அதனை நீங்கள் இரு விரலால் சொடுக்கி வைத்துவிடுகிறீர்கள். பெங்களூரில் இன்று மிகுதியாகப் பயன்படும் கான்கிரீட் கல்லின் நீளம் 40 செ.மீ., உயரம் 20 செ.மீ.; கனம் 10, 15, 20 செ.மீ. என வேறுபடும். 20 செ.மீ. கனமுள்ள கல் ஒன்றின் எடை முப்பது கிலோவுக்கு மேல். அதனைத் தூக்கித் தருபவர், சாரத்தின்மேல் நின்று வாங்குபவர், சாந்தைக் கரணையால் எடுத்து விரிப்பவர் என மூவர் சேர்ந்தால்தான் ஒரு கல் ஏறும். ஏறிய பின்னும் வேலை முடிவதில்லை. சிமெண்ட் இறுகுவதற்குக் குறைந்தது ஏழு நாள் விடாமல் ஈரம் காக்க வேண்டும். விளையாட்டில் காத்திருத்தல் என்பதே இல்லை. எனக்கு அதில் பெருங்குறையாகத் தோன்றுவது அதுதான். நீங்கள் ஒப்பமாட்டீர்கள் என்பதும் தெரியும்.

சாந்தே இல்லாமல் பாரத்தை மட்டும் நம்பி எழுந்த கட்டடங்களும் உண்டு. நான் பிறந்த தஞ்சைப் பகுதியில் முதலாம் இராசராசன் எழுப்பி 1010ஆம் ஆண்டில் நிறைவுற்ற பெரிய கோயில் அதற்குச் சான்று. அதன் விமானம் ஏறக்குறைய 60 மீட்டர் உயரம். அதாவது உங்கள் விளையாட்டுக் கணக்கில் அறுபது கட்டை. உள்ளே கூடான அதன் மேற்பகுதியில் ஒவ்வொரு வரிசைக் கல்லும் கீழ் வரிசையைவிடச் சிறிது உள்நோக்கி நீண்டு, மேலே போகப்போகக் குறுகுகிறது. கிளாசிக் விளையாட்டில் சரிவான கூரைக்கு உரிய கட்டை கிடையாது. கூரை வேய விரும்புவோர் படிப்படியாக உள்நோக்கி அடுக்குகின்றனர். அறியாமலே நீங்கள் அம்முறையின் அருகில் வந்துவிட்டீர்கள். வேறுபாடு ஒன்றே. உங்கள் கூரையில் எந்தக் கட்டையை எடுத்தாலும் ஏனையவை நிற்கும். அங்கே ஒவ்வொரு கல்லும் மற்றொரு கல்லை அழுத்திப் பிடித்துக்கொண்டிருக்கிறது.

அந்த விளையாட்டில் கதவும் இல்லை. சுவரில் விட்ட இடைவெளியே வாயில். நம் வீடுகளில் அந்த இடைவெளிக்கு மரத்தாலோ கல்லாலோ நான்கு பக்கமும் சட்டம் இடுவதை 'நிலை' என்பர். நிலை வைக்கும் நாளில் மஞ்சளும் குங்குமமும் இட்டுப் பூசை செய்வது ஊர்வழக்கம். நிலைக்கு மேலே பாரத்தைத் தாங்கக் குறுக்கே கிடக்கும் மரம் அல்லது கல் உத்தரம். தெருவை ஒட்டி வாயிலின் இரு பக்கமும் உட்கார அமைத்த மேடை திண்ணை. வீட்டின் நடுவே வானம் பார்க்கத் திறந்திருப்பது முற்றம். அதனைச் சுற்றிக் கூரை தாழ்ந்து வருவது தாழ்வாரம். அடுகோடியின் ஓரறை வீட்டில் திண்ணைக்கு இடம் ஏது என்று நீங்கள் கேட்கலாம். இல்லைதான். உலாவிக்குள் இடத்துக்கு வாடகை இல்லை, அங்கே கட்டுங்கள்.

வீடு மட்டுமன்று, ஊரையே இவ்வாறு கட்டிப் பார்த்தவர்கள் இருக்கின்றனர். மொஜாங் நிறுவனமும் ஐக்கிய நாடுகள் அவையின் மனிதக் குடியிருப்புத் திட்டமும் 2012இல் 'பிளாக் பை பிளாக்' என்னும் முயற்சியைத் தொடங்கின. ஒரு பூங்காவையோ சந்தையையோ சீரமைக்கும் முன், அவ்விடத்தை மைன்கிராஃப்டில் அப்படியே அமைத்துவிடுவர். பிறகு அங்கு வாழும் மக்களைச் சிறு குழுக்களாகக் கணினியின் முன் அமர்த்துவர். 'விளக்கு இங்கே வேண்டும், பெண்கள் உட்கார இங்கே நிழல் வேண்டும்' என்று அவர்களே கட்டைகளை வைத்துக் காட்டுவர். கென்யாவின் நைரோபியிலுள்ள கிபேராவில் ஒரு விளையாட்டுத் திடலும், நேபாளத்தின் கீர்த்திபூரில் ஒரு பழைய குளத்தின் சுற்றுப்புறமும் இவ்வாறு திட்டமிடப்பட்டன. எயிட்டி நாட்டின் கடலோர ஊர் ஒன்றில் மீனவர்கள் கடற்சுவரை இப்படிக் கட்டிக் காட்டினர். வரைபடம் படிக்கத் தெரியாதவரும் கட்டையை வைக்கத் தெரிந்தவராக இருந்தார் என்பதே இதன் சிறப்பு.

நீங்கள் வாழும் பகுதியையும் பாருங்கள். 1950களில் இயந்திர உறுப்புகள் செய்யத் தொடங்கிய மைகோ ஆலையின் வளாகம், பாஷ் நிறுவனத்தின் புதிய ஆய்வு வளாகமாக மாறி 2022இல் திறக்கப்பட்டது. அருகே லக்கசந்திராவின் தெருக்களுக்கு அடியில் மெட்ரோ இரயிலுக்காகச் சுரங்கம் குடைந்தார்கள். இந்நகரத்தின் கட்டுமான இடங்களில் தமிழும் கன்னடமும் தெலுங்கும் இந்தியும் வங்காளமும் ஒன்றாக ஒலிக்கின்றன. அங்கே தூக்குக்குண்டு தூக்குக்குண்டாகவே இருக்கிறது. அச்சொல்லைச் சொன்னவரின் பிள்ளை பள்ளிப் படிவத்தில் தந்தையின் தொழில் என்னும் இடத்தில் 'கன்ஸ்ட்ரக்‌ஷன்' என்று மட்டும் எழுதுகிறது. 'கொத்தனார்' என்று எழுதலாம். அது ஒரு தொழிலின் பெயர். கற்றுத் தேர்ந்தவருக்கு உரிய பெயர்.

கடைசியாக மொழி பற்றி ஒரு செய்தி. விலை கொடுத்து வாங்கும் முழு விளையாட்டின் ஜாவா பதிப்பில் மொழிப் பட்டியலைத் திறந்தால் 'தமிழ் (இந்தியா)' என்பதைக் காணலாம். கன்னடமும் அங்கு உண்டு. இம்மொழிபெயர்ப்புகளைச் செய்வோர் பெரும்பாலும் தன்னார்வலர். கிரவுடின் என்னும் பொதுத் தளத்தில் ஒவ்வொரு சொல்லுக்கும் பரிந்துரை எழுதி, பிறர் வாக்களித்து முடிவு செய்கின்றனர். எளிய வேலை அன்று அது. 'பிளாக்' என்பதற்குத் தமிழில் என்ன சொல்வது? கனசதுரம் என்றால் கணித நூல் மணக்கிறது. கட்டை என்றால் மரத்தையே நினைக்கத் தோன்றும். இப்பாடத்தில் நான் வேறு வழியின்றி அதனையே கையாண்டிருக்கிறேன். கொத்தனாரைக் கேட்டால் தயங்காமல் 'கல்' என்பார். மண்ணைக் குழைத்துச் சுட்டதையே செங்கல் என்று அழைத்த மொழி இது; சிமெண்டில் வார்த்ததும் அவருக்குக் கல்தான். ஆனால் இலைகளால் ஆன கட்டையை இலைக்கல் எனலாமா, பஞ்சுக்கட்டையைப் பஞ்சுக்கல் எனலாமா என்று அந்தச் செங்கத்துக் கொத்தனாரின் மகள் கேட்டாள். வகுப்பு இரண்டாகப் பிரிந்து வாதாடியது. மணி அடித்தபோதும் முடிவு எட்டப்படவில்லை.

சொற்பொருள்

இழைத்தல் – நுட்பமாக அமைத்தல். சாந்து – கல்லையும் கல்லையும் பிணைக்கும் கலவை. கரணை – சாந்து எடுத்துப் பூசும் கருவி. சாரம் – உயரத்தில் நின்று வேலை செய்யக் கட்டும் கழிகளும் பலகைகளும். சித்தாள் – கொத்தனாருக்கு உதவும் ஆள். சரளை – பொடிக்கல். அந்தரம் – ஆதாரமற்ற வெளி. பூசல் – சண்டை.

கற்பவை கற்றபின்

1. சந்துக்கு நேரே சந்து வருமாறு கட்டினால் சுவருக்கு என்ன நேரும்? படம் வரைந்து விளக்குக.

2. 40 செ.மீ. நீளமும் 20 செ.மீ. உயரமும் 20 செ.மீ. கனமும் உள்ள கற்களில் எத்தனை சேர்ந்தால் விளையாட்டின் ஒரு கட்டையின் கன அளவு வரும்? கணக்கிடுக.

3. 'சிற்றில்' என்பதைப் போலச் 'சிறுமை' முன்வந்து சேரும் சொற்கள் மூன்று எழுதுக.

4. கிளாசிக் விளையாட்டில் முற்றமும் தாழ்வாரமும் திண்ணையும் உள்ள வீடு ஒன்றைக் கட்டி, அதனைப் பதினைந்து வரிகளில் தமிழில் விளக்குக. கணினி இல்லாதோர் கட்டமிட்ட தாளில் வரையலாம்.

5. உங்கள் தாய், தந்தை, தாத்தா, பாட்டி ஆகியோருள் ஒருவரிடம் அவர் செய்த தொழிலின் கருவிகள் ஐந்தின் பெயர்களைக் கேட்டு, அவர் சொன்னபடியே எழுதிவருக. தையல், சமையல், ஓட்டுநர் பணி, ஆலைப்பணி என எதுவாயினும் சரி. அகராதியைப் பார்த்துத் திருத்த வேண்டா.

6. இலைக்கட்டையா, இலைக்கல்லா? உங்கள் கருத்தைக் காரணத்துடன் எழுதுக.